அம்மாவின் கட்டி, மகனின் கையெழுத்து

கேள்வி:

டாக்டர் அம்மாவுக்கு வணக்கம். என் அம்மாவுக்கு வயது 58. இடது மார்பில் கட்டி. பயாப்ஸியில் புற்றுநோய் என்று வந்துவிட்டது. அடுத்த வாரம் ஆபரேஷன். அம்மாவிடம் இன்னும் விஷயத்தைச் சொல்லவில்லை. "சாதாரணக் கட்டிதான், எடுத்துட்டா சரியாயிடும்" என்று சொல்லி வைத்திருக்கிறோம். ஆஸ்பத்திரிப் பேப்பரில் எல்லாம் நான்தான் கையெழுத்துப் போட்டேன். நேற்று ஒரு பெண் வந்து, ஆபரேஷனில் எடுக்கும் கட்டியில் கொஞ்சமும், இரண்டு டியூப் ரத்தமும் ஆராய்ச்சிக்கு வேண்டும் என்று நாலு பக்கப் படிவம் கொடுத்தார். அண்ணன், "எப்படியும் தூக்கிப் போடறதுதானே, போட்டுக் கொடுத்துடு" என்கிறார். எனக்கு மனசு ஒப்பவில்லை. நான் கையெழுத்துப் போடலாமா? மாட்டேன் என்றால் வைத்தியத்தில் குறை வைப்பார்களா? இதை வைத்து யாராவது பணம் பண்ணுவார்களா? அமெரிக்காவில் ஒரு பெண்ணின் செல்களை டாக்டர் அவருக்கே தெரியாமல் எடுத்து விற்றார் என்று படித்திருக்கிறேன். எனக்கு ஒரு தங்கை இருக்கிறாள். இந்த ஆராய்ச்சியால் அவளைப் பற்றி ஏதாவது தெரிய வருமா என்றும் பயமாக இருக்கிறது.

பெயர் வேண்டாம், திண்டுக்கல் மாவட்டம்

பதில்:

அன்புள்ள தம்பி,

நீங்கள் கையெழுத்துப் போடக் கூடாது. உங்கள் அம்மா நல்ல நினைவோடு இருக்கிறார். தன் காரியத்தைத் தானே யோசித்து முடிவு செய்யக் கூடியவர். தன் உடம்பிலிருந்து எடுப்பதை ஆராய்ச்சிக்குக் கொடுக்கலாமா வேண்டாமா என்று அவர் ஒருவர்தான் சொல்ல முடியும். மகனோ கணவரோ அண்ணனோ அவருக்காக அதைச் சொல்ல முடியாது. மயக்கத்தில் இருப்பவர், மனநலம் தவறியவர், சிறு பிள்ளை என்றால் வேறு விதிகள் உண்டு. உங்கள் அம்மா அந்தக் கணக்கில் வரமாட்டார்.

இது என் சொந்த அபிப்பிராயம் மட்டுமில்லை. சமீரா கோலி வழக்கில் 2008 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. பரிசோதனைக்காக மயக்க மருந்து கொடுக்கப்பட்டிருந்த 44 வயதுப் பெண்ணின் கருப்பையை, வெளியே உட்கார்ந்திருந்த அவருடைய தாயிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு டாக்டர் எடுத்துவிட்டார். உயிருக்கு அவசரம் எதுவும் இல்லை. மயக்கம் தெளிந்த பிறகு அவரையே கேட்டிருக்கலாம். தாய் கொடுத்த சம்மதம் செல்லாது என்றது நீதிமன்றம். அது சிகிச்சை பற்றிய வழக்கு. நோயாளியின் நன்மைக்காகச் செய்யும் ஆபரேஷனுக்கே இந்தக் கண்டிப்பு என்றால், அவருக்கு நேரடியாக ஒரு பலனும் இல்லாத ஆராய்ச்சிக்கு எவ்வளவு கண்டிப்பு வேண்டும் என்று யோசித்துப் பாருங்கள். நியாயமாகப் பார்த்தால் ஆபரேஷன் பேப்பரிலும் அவர் கையெழுத்துத்தான் இருக்க வேண்டும். அதற்கு இன்னும் நாள் இருக்கிறது. சர்ஜனைப் பார்த்துச் சொல்லி மாற்றிவிடுங்கள்.

உங்கள் அண்ணன் சொன்னதற்கு வருகிறேன். "தூக்கிப் போடறது" என்று அவர் நினைப்பதில் ஆச்சரியம் இல்லை. ஆபரேஷன் தியேட்டர் கதவுக்குப் பின்னால் அந்தக் கட்டி எங்கே போகிறது என்று ஜனங்களுக்கு யாரும் சொல்வதே இல்லை. நான் நோய்க்குறியியல் (பேத்தாலஜி) துறையில் வேலை பார்த்தவள். அது வந்து சேர்வது எங்கள் மேஜைக்குத்தான்.

ஃபார்மலின் ஊற்றிய டப்பாவில், பெயரும் எண்ணும் எழுதி வரும். நீள அகலம் அளந்து, எடை போட்டு, வெட்டின ஓரங்களில் கலர் மை தடவுவோம். நோய் ஓரம்வரை வந்திருக்கிறதா, முழுதாக எடுத்தாகிவிட்டதா என்பதை அந்த மைதான் பிறகு மைக்ராஸ்கோப்பில் காட்டிக் கொடுக்கும். மார்பகப் புற்றுநோய்க் கட்டி பெரும்பாலும் சாம்பல் கலந்த வெள்ளையாக, இறுகி இருக்கும். கத்தி இறங்கும்போது பழுக்காத பேரிக்காயை நறுக்கினால் வருகிற மாதிரி ஒரு கரகரப்பு கைக்குத் தெரியும். தேவையான இடங்களிலிருந்து சிறு வில்லைகள் எடுத்து, இரவு முழுக்க மெஷினில் ஆல்கஹால், சைலீன் என்று மாற்றி மாற்றிப் போட்டு, கடைசியில் பாரஃபின் மெழுகில் பதித்துக் கட்டியாக்குவோம். அதற்குத்தான் பிளாக் என்று பெயர். அதிலிருந்து, ஒரு மில்லிமீட்டரை ஆயிரமாகப் பிரித்தால் அதில் சில பங்கு கனத்துக்குச் சீவி எடுத்துக் கண்ணாடியில் ஒட்டினால் ஸ்லைடு.

அந்த பிளாக் உங்கள் அம்மாவுக்கு வீட்டுப் பத்திரம் மாதிரி. ஹார்மோன் ஏற்பிகள் இருக்கின்றனவா, ஹெர்-2 புரதம் கூடுதலாக இருக்கிறதா என்று அதில்தான் பார்ப்பார்கள். எந்த மாத்திரை, எந்த ஊசி, எத்தனை மாதம் என்பதெல்லாம் அந்த ரிப்போர்ட்டைப் பொறுத்தது. ஹெர்-2 முடிவு இரண்டுங்கெட்டானாக வந்தால் அதே பிளாக்கை எடுத்து ஃபிஷ் என்கிற அடுத்த பரிசோதனை செய்வார்கள். வேறு ஊரில் இன்னொரு டாக்டரிடம் கருத்துக் கேட்கப் போனால் அவரும் பிளாக்கைத்தான் கேட்பார். வருஷங்கள் கழித்து நோய் திரும்பினாலும், புதிதாக ஒரு மருந்து வந்தாலும் பழைய பிளாக்கைத் தேடி எடுப்பார்கள்.

அதனால் திசுவை ஆராய்ச்சிக்குக் கொடுப்பதில் நான் முதலில் பார்ப்பது இதைத்தான்: நோய் கண்டறியத் தேவையானது முழுவதையும் எடுத்து வைத்த பிறகு மிஞ்சுவதுதான் ஆராய்ச்சிக்குப் போகிறதா? பெரிய கட்டி என்றால் கவலையில்லை. எல்லாருக்கும் போதும். சின்னக் கட்டியில் ஆளுக்கு ஒரு துண்டு என்று ஆரம்பித்தால், கடைசியில் நோயாளிக்கே பரிசோதனை செய்யத் திசு இல்லாமல் போகும். ஆராய்ச்சிக்குப் பச்சையான திசுவை ஆபரேஷன் முடிந்த கையோடு எடுத்து உறைய வைக்க வேண்டியிருப்பதால், தியேட்டர் வாசலிலேயே ஒருவர் ஐஸ் பெட்டியோடு நிற்பது வழக்கம். அந்தத் துண்டை எங்கிருந்து, எவ்வளவு வெட்டலாம் என்று நோய்க்குறியியல் டாக்டர்தான் தீர்மானிக்க வேண்டும், வந்து நிற்பவர் தீர்மானிக்கக் கூடாது. படிவம் கொண்டு வந்த பெண்ணிடம் இதைக் கேளுங்கள். நன்றாக நடக்கிற இடம் என்றால் தயங்காமல் பதில் சொல்வார்கள்.

நீங்கள் படித்த அமெரிக்கப் பெண் ஹென்ரியெட்டா லாக்ஸ். 1951-இல் பால்டிமோரின் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் ஆஸ்பத்திரியில் கருப்பை வாய்ப் புற்றுநோய்க்குச் சிகிச்சைக்கு வந்த கறுப்பினப் பெண். அதே வருஷம் அக்டோபரில், 31 வயதில் இறந்துபோனார். அவரிடமிருந்து எடுத்த திசு ஜார்ஜ் கை என்பவருடைய ஆய்வகத்துக்குப் போனது. அதுவரை மனித செல்கள் குப்பியில் சில நாளில் செத்துவிடும். இவருடையவை பெருகிக்கொண்டே போயின. ஹீலா என்று பெயர் வைத்தார்கள். போலியோ தடுப்பூசிச் சோதனை முதற்கொண்டு கணக்கில்லாத ஆராய்ச்சிகள் அந்தச் செல்களில் நடந்தன. டாக்டர் விற்றார் என்று எழுதியிருக்கிறீர்கள். ஜார்ஜ் கை அவற்றைப் பிற ஆய்வாளர்களுக்கு இலவசமாகத்தான் கொடுத்தார். விற்றது பின்னால் வந்த கம்பெனிகள். ஆனால் அந்தக் குடும்பத்தைப் பொறுத்தவரை அதில் பெரிய வித்தியாசம் இல்லை. 1970-களில்தான் அவர்களுக்கு விஷயமே தெரிந்தது. 2013-இல் அந்தச் செல்களின் மரபணுத் தொகுப்பை முழுசாக இணையத்தில் வெளியிட்டார்கள், அப்போதும் குடும்பத்தைக் கேட்கவில்லை. எதிர்ப்பு வந்த பிறகுதான், அந்தத் தகவலை யார் பார்க்கலாம் என்று தீர்மானிக்கும் குழுவில் குடும்பத்தாருக்கு இடம் கிடைத்தது. அப்படி விற்ற கம்பெனிகளில் ஒன்றான தெர்மோ ஃபிஷர் 2023-இல் குடும்பத்துடன் வழக்கில் சமரசம் செய்துகொண்டது.

உங்கள் கேள்விக்கு இதைவிடப் பொருத்தமாக எனக்குப் படுவது ஜான் மூர் வழக்கு. இவர் சியாட்டிலில் இருந்தவர். 1976-இல் அரிதான ஒரு ரத்தப் புற்றுநோய்க்காக லாஸ் ஏஞ்சலிஸில் கலிஃபோர்னியா பல்கலைக்கழக ஆஸ்பத்திரியில் சேர்ந்தார். வீங்கிய மண்ணீரலை எடுத்தார்கள். அவசியமான ஆபரேஷன்தான், அதில் குற்றம் சொல்ல ஒன்றுமில்லை. அதற்கப்புறம் நடந்ததுதான் விஷயம். 1983 வரை அவரை சியாட்டிலிலிருந்து வரவழைத்துக்கொண்டே இருந்தார்கள். வரும்போதெல்லாம் ரத்தம், எலும்பு மஜ்ஜை, தோல், விந்து என்று எடுத்தார்கள். உங்கள் உடம்புக்குத் தேவையான பரிசோதனை என்று சொன்னார்கள். ரத்தத்தைச் சொந்த ஊரிலேயே எடுத்து அனுப்பக் கூடாதா என்று அவருக்குச் சந்தேகம் வந்தது. 1983-இல் ஒரு படிவத்தை நீட்டினார்கள். என் செல்களிலிருந்து உருவாகும் எதிலும் உள்ள உரிமையை "தருகிறேன்", "தரவில்லை" என்று இரண்டு சொற்கள், ஒன்றை வட்டமிட வேண்டும். அவர் "தரவில்லை" என்பதை வட்டமிட்டார். ஆஸ்பத்திரியிலிருந்து போன், கடிதம், வந்து திருத்திக் கொடுங்கள் என்று. வக்கீலிடம் போனார். அப்போதுதான் தெரிந்தது, டாக்டர் டேவிட் கோல்ட் இவருடைய செல்களிலிருந்து, ஆய்வகத்தில் தொடர்ந்து பெருகும் ஒரு செல் வரிசையை வளர்த்துக் காப்புரிமைக்கு விண்ணப்பித்திருந்தார். ஒரு கம்பெனியோடு ஒப்பந்தமும் போட்டிருந்தார். 1984-இல் காப்புரிமையும் கிடைத்தது.

1990-இல் கலிஃபோர்னியா உச்ச நீதிமன்றம் சொன்னதில் இரண்டு பாதி. வெட்டி எடுத்த செல்கள் மூரின் சொத்து இல்லை, லாபத்தில் அவருக்குப் பங்கு கிடையாது என்றது ஒரு பாதி. மற்ற பாதியில், ஒரு டாக்டருக்குத் தன் நோயாளியின் உடம்பில் ஆராய்ச்சி ஆதாயமோ பண ஆதாயமோ இருந்தால், சம்மதம் கேட்கும்போதே அதைச் சொல்லியாக வேண்டும், மறைத்தால் வழக்குப் போடலாம் என்றது. முதல் பாதி மூருக்குச் செய்தது அநியாயம் என்றே நான் நினைக்கிறேன். ஆனால் இரண்டாவது பாதி உலகத்துக்கே உபயோகப்பட்டது. ஏனென்றால் மூரின் மனசு உடைந்தது பணத்தால் இல்லை. தன்னைக் காப்பாற்றுகிறார் என்று நம்பி ஏழு வருஷம் கை நீட்டினவரிடம், எதற்காக ஊசி குத்துகிறார்கள் என்று உண்மையைச் சொல்லவில்லை. அதனால்தான் உடைந்தது.

நம் நாட்டில் இந்த விஷயத்தில் வழிகாட்டி எழுதியது ஐ.சி.எம்.ஆர். என்கிற இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம். 2017-இல் வெளியிட்டது. திசுவும் அதிலிருந்து வரும் தகவலும் கொடுத்தவருக்குச் சொந்தம், ஆஸ்பத்திரியும் திசு வங்கியும் பாதுகாவலர்கள் மட்டுமே என்று அதில் இருக்கிறது. மூருக்குக் கிடைத்ததைவிட நோயாளிக்கு நெருக்கமான நிலைப்பாடு. கொடுத்த பிறகு மனம் மாறினால் திரும்பக் கேட்கலாம். ஏற்கெனவே ஆய்வில் சேர்ந்து முடிவு கணக்கிடத் தேவைப்படும் தகவலை மட்டும் எடுக்க முடியாமல் போகலாம், அப்படியானால் அதையும் படிவத்திலேயே முன்கூட்டி எழுதியிருக்க வேண்டும். ஆராய்ச்சியிலிருந்து வியாபாரப் பலன் வர வாய்ப்பிருந்தால் அதையும் சொல்ல வேண்டும். ஆகவே பணம் பற்றிய உங்கள் கேள்விக்குப் பதில்: பணம் வரக்கூடும். திசு கொடுத்ததற்காக உங்களுக்குக் கூலி கிடையாது, ஆனால் யாருக்கு ஆதாயம் என்று கேட்கிற உரிமை உண்டு. ஆராய்ச்சிக்காகச் செய்யும் பரிசோதனைக்கு உங்களிடம் ஒரு ரூபாய்கூட வாங்கக் கூடாது. பில்லைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். பரிசோதனைக்குப் போக மிஞ்சிக் கிடக்கும் பழைய பிளாக்குகளை, பெயர் அடையாளம் எல்லாம் நீக்கிவிட்டு, ஆராய்ச்சி நியாயமாக நடக்கிறதா என்று பார்க்கிற அறநெறிக் குழுவின் அனுமதியோடு, தனியாகச் சம்மதம் கேட்காமலே பயன்படுத்த அந்த வழிகாட்டியில் இடம் இருக்கிறது. நான் அப்படியொரு குழுவில் இருந்திருக்கிறேன். அந்த அனுமதியை நாங்கள் கொடுத்ததும் உண்டு, மறுத்ததும் உண்டு. பல வருஷத்துக்கு முந்தைய ஆயிரக்கணக்கான பிளாக்குகளுக்கு ஒவ்வொரு வீடாகத் தேடிப் போக முடியாது என்பது உண்மை. ஆனால் நோயாளி எதிரே கட்டிலில் உட்கார்ந்திருக்கும்போது, கேட்காமல் எடுக்க எந்தச் சாக்கும் கிடையாது.

மாட்டேன் என்றால் வைத்தியத்தில் குறை வைப்பார்களா என்று கேட்டிருக்கிறீர்கள். வைக்கக் கூடாது, படிவத்திலேயே அந்த வாக்குறுதி இருக்க வேண்டும். இல்லையென்றால் அந்தப் படிவத்தைத் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். படிவத்தின் கடைசியில் அறநெறிக் குழுவின் செயலாளர் பெயரும் போன் நம்பரும் இருக்கும். அந்தக் குழுவின் தலைவர் அந்த ஆஸ்பத்திரியைச் சேராதவராக இருப்பார், உறுப்பினர்களில் பாதிப் பேராவது வெளியாட்களாக இருப்பார்கள், சட்டம் தெரிந்தவர் ஒருவரும் உங்களைப் போன்ற பொதுஜனம் ஒருவரும் இருப்பார்கள். யாராவது மிரட்டினால், முகம் சுளித்தால்கூட, தயங்காமல் போன் பண்ணுங்கள். படிவம் தமிழில் இருக்க வேண்டும், ஒரு பிரதி உங்கள் கைக்கு வர வேண்டும். அம்மாவுக்கு வாசிக்கத் தெரியாது என்றால், ஆராய்ச்சியோடு சம்பந்தமில்லாத ஒரு சாட்சி பக்கத்தில் இருக்க வாசித்துக் காட்டி, அவர் கேள்வி கேட்க நேரம் கொடுத்து, பிறகே கைநாட்டு வாங்க வேண்டும்.

இங்கேதான் நீங்கள் கடிதத்தில் போகிற போக்கில் எழுதிவிட்ட விஷயம் வந்து நிற்கிறது. அந்தப் படிவத்தின் முதல் பத்தியிலேயே "மார்பகப் புற்றுநோய்" என்று இருக்கும். அம்மாவுக்கு நோய் தெரியாமல் அந்தச் சம்மதத்தை வாங்க வழியே இல்லை. "சாதாரணக் கட்டி" என்று நம்புகிறவரிடம் வாங்குகிற கையெழுத்து, அவரே போட்டாலும், சம்மதம் ஆகாது.

நீங்கள் மறைப்பது பாசத்தால் என்று எனக்குத் தெரியும். கேட்டால் தாங்க மாட்டார் என்று பயப்படுகிறீர்கள். ஆனால் நான் பார்த்தவரை பெரும்பாலான அம்மாக்களுக்கு விஷயம் பாதி தெரிந்தே இருக்கும். ஓ.பி. வாசலில் போர்டு இருக்கிறது. பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் பெண் தலையில் முடி இல்லாமல் துணி கட்டியிருக்கிறாள், "உங்களுக்கு எத்தனாவது ஊசி?" என்று கேட்கிறாள். பிள்ளைகள் பக்கத்து அறைக்குப் போய்க் குசுகுசுவென்று பேசுகிறார்கள். பிள்ளைகள் பயந்துவிடக் கூடாதென்று அம்மாக்கள் தெரியாத மாதிரி இருந்துவிடுகிறார்கள். ஆபரேஷனுக்குப் பிறகு கீமோ வந்தால், முடி கொட்டினால், என்ன சொல்வீர்கள்? அன்றைக்கு வேறு வழியில்லாமல் தெரிவதைவிட, இன்றைக்கு உங்கள் வாயிலிருந்து தெரிவது நல்லது.

சொல்வதற்குச் சர்ஜனின் உதவியைக் கேளுங்கள். அம்மாவை உட்காரவைத்து, "உங்க கட்டியைப் பத்தி எவ்வளவு தெரிஞ்சுக்கணும்னு நினைக்கிறீங்க?" என்று டாக்டரைக் கேட்கச் சொல்லுங்கள். "எல்லாம் என் பிள்ளை பாத்துக்குவான், எனக்கு ஒண்ணும் வேண்டாம்" என்று அவரே சொன்னால், அதுவும் அவருடைய முடிவு, அதை மதிக்கலாம். வைத்தியம் நடக்கட்டும். ஆராய்ச்சிக்கு மட்டும் "இல்லை" என்று சொல்லிவிடுங்கள். அடுத்த வாரத்துக்குள் சொல்ல மனசு வரவில்லை என்றாலும் அவசரப்பட்டுப் போட்டுக் கொடுக்காதீர்கள். பச்சைத் திசு அவர்களுக்குக் கிடைக்காமல் போகலாம், ஆனால் பிளாக் அங்கேயேதான் இருக்கும். அம்மா தேறி, விஷயம் தெரிந்து, விருப்பப்பட்டால் அப்போது அதிலிருந்து எடுத்துக்கொள்ள முடியுமா என்று கேட்கலாம். பல ஆராய்ச்சிகளுக்கு அது போதும்.

விஷயம் தெரிந்து, அம்மா "கொடுக்கலாம்" என்று சொன்னால் நான் சந்தோஷப்படுவேன். இன்றைக்கு அவருக்குக் கிடைக்கப்போகும் ஹெர்-2 பரிசோதனையும் அதற்கான மருந்தும் முன்பு யாரோ பெண்களின் கட்டியில் நடந்த ஆராய்ச்சியால் வந்தவை. நம் பெண்களின் திசு ஆராய்ச்சியில் இல்லாமல் போனால், வேறு தேசத்துப் பெண்களுக்குப் பொருந்துகிற விடைகளே நமக்கும் கிடைத்துக்கொண்டிருக்கும். சம்மதத்திலும் அளவு வைக்கலாம். இந்த ஓர் ஆராய்ச்சிக்கு மட்டும், புற்றுநோய் ஆராய்ச்சி எதற்கு வேண்டுமானாலும், வருங்காலத்தில் எந்த ஆராய்ச்சிக்கும் என்று தனித்தனிக் கட்டங்கள் இருக்கும். எல்லாவற்றிலும் டிக் அடிக்க வேண்டிய கட்டாயம் இல்லை. அமெரிக்காவில் கிராண்ட் கேன்யனில் வாழும் ஹவசுபாய் பழங்குடியினர் 1990-களில் சர்க்கரை நோய் ஆய்வுக்கென்று ரத்தம் கொடுத்தார்கள். பின்னால் அதே ரத்தத்தில் மனச்சிதைவு நோயையும், அவர்களுடைய முன்னோர் எங்கிருந்து வந்தார்கள் என்பதையும் ஆராய்ந்தார்கள். தங்கள் நம்பிக்கைக்கே விரோதமான முடிவுகளை அவர்கள் ஆய்வுக் கட்டுரைகளில் பார்க்க நேர்ந்தது. வழக்குப் போட்டு, 2010-இல் அரிசோனா மாநிலப் பல்கலைக்கழகம் 7 லட்சம் டாலர் கொடுத்து, மிச்சமிருந்த ரத்த மாதிரிகளையும் திருப்பித் தந்தது. எதற்கு என்று கேட்டு அளவு வைப்பது இதற்காகத்தான். திசு வெளிநாட்டுக்குப் போகுமா என்பதையும் கேளுங்கள். போகும் என்றால் அதற்குத் தனி ஒப்பந்தமும் அனுமதியும் இருக்க வேண்டும்.

கடைசியாகத் தங்கை. இரண்டு டியூப் ரத்தம் கேட்டிருக்கிறார்கள் என்றால் கட்டியின் மரபணுவோடு, அம்மா பிறவியிலேயே சுமக்கும் மரபணுவையும் ஒப்பிட்டுப் பார்க்கப் போகிறார்கள் என்று ஊகிக்கலாம். மார்பகப் புற்றுநோயோடு தொடர்புள்ள பி.ஆர்.சி.ஏ. என்ற மரபணுக்களில் பிறவிக் கோளாறு இருந்தால் அது பிள்ளைகளுக்கு வர ஒவ்வொருவருக்கும் பாதிக்குப் பாதி வாய்ப்பு. பெண்ணுக்கு மட்டும் என்றில்லை, உங்களுக்கும் அண்ணனுக்கும் சேர்த்துத்தான். அப்படி ஏதாவது தெரிந்தால் குடும்பத்துக்குச் சொல்வீர்களா என்று கேட்டு, அதற்கான கட்டத்தில் அம்மாவின் விருப்பத்தைக் குறிக்கச் சொல்லுங்கள். ஆராய்ச்சி லேபில் வருகிற முடிவை வைத்து எதுவும் செய்துவிடக் கூடாது, முறையான லேபில் மறுபடி பார்த்து உறுதி செய்ய வேண்டும். சில ஆய்வுகளில் தனிநபர் முடிவே சொல்ல மாட்டார்கள். அதனால் தங்கைக்காக இந்த ஆராய்ச்சியை நம்பிக் காத்திருக்காதீர்கள். அம்மா வழியிலும் அப்பா வழியிலும் பாட்டி, பெரியம்மா, சித்தி, அத்தை யாருக்காவது மார்பகத்திலோ சினைப்பையிலோ புற்றுநோய் வந்ததா, என்ன வயதில் என்று வீட்டில் விசாரித்து ஒரு தாளில் எழுதுங்கள். அடுத்த முறை போகும்போது அந்தத் தாளைப் புற்றுநோய் டாக்டரிடம் கொடுத்து, தங்கைக்கு மரபணு ஆலோசனை தேவையா என்று கேளுங்கள்.